எண்கோட்டில் சமனின்மை: வட்டத்தை எப்போது நிரப்புவது, அம்பை எந்தப் பக்கம் விடுவது?

கேட்கப்பட்ட கேள்வி இது: எட்டாம் வகுப்பில் படிக்கும் மகள், சமன்பாடு என்றால் மளமளவென்று போட்டுவிடுகிறாள். சமனின்மை என்று வந்து, விடையை எண்கோட்டில் வரையச் சொன்னால் தடுமாறுகிறாள். வட்டத்தை நிரப்புவதா காலியாக விடுவதா, கோட்டை வலப்பக்கம் இழுப்பதா இடப்பக்கம் இழுப்பதா என்று குழம்புகிறாள். குறை எண்ணால் வகுத்தால் குறி ஏன் திரும்புகிறது என்று அவள் கேட்டதற்கு வீட்டில் யாராலும் பதில் சொல்ல முடியவில்லை. இதை எப்படிச் சொல்லித் தருவது?

குறி ஏன் திரும்புகிறது என்று கேட்கிற பிள்ளையைப் பற்றிக் கவலையே வேண்டாம். அந்தக் கேள்வியை விடாமல் பிடித்துக்கொண்டால் பாடம் முழுவதும் தானாக விளங்கிவிடும். பல வருடமாகப் பிள்ளைகளுக்கு இந்தப் பாடத்தைச் சொல்லித் தருகிறேன். அவர்கள் சறுக்குவது பெரும்பாலும் ஒரே இடத்தில்தான். வட்டத்துக்கு ஒரு விதி, அம்புக்கு ஒரு விதி, குறி திரும்புவதற்கு ஒரு விதி என்று தனித்தனியாக மனப்பாடம் செய்கிறார்கள். பரீட்சை நேரத்தில் மூன்றும் ஒன்றோடொன்று கலந்துவிடுகிறது.

நான் சொல்லித் தருவது இப்படி. எண்கோட்டில் உள்ள ஒவ்வொரு புள்ளியும் ஓர் எண். சமனின்மை என்பது அந்த எண்கள் ஒவ்வொன்றிடமும் கேட்கும் ஒரு கேள்வி. ‘ஆம்’ என்று சொல்கிற புள்ளிகளுக்கு மை பூசுகிறோம், ‘இல்லை’ என்று சொல்கிற புள்ளிகளை அப்படியே விட்டுவிடுகிறோம். எண்கோட்டில் வரைவது என்றால் இதுதான். வட்டமும் அம்பும் இதிலிருந்து தானாக வருகின்றன.

தெரியாத எண்ணை இங்கே ‘ப’ என்று வைத்துக்கொள்கிறேன். புத்தகத்தில் ஆங்கில எழுத்து இருக்கும். எந்த எழுத்தாக இருந்தாலும் கணக்கு மாறாது. அதேபோல் சில புத்தகங்கள் சமனின்மை என்கின்றன, சில அசமன்பாடு என்கின்றன, சிலவற்றில் சமனிலி என்று இருக்கும். மூன்றும் ஒன்றுதான்.

ப + 2 = 5 என்ற சமன்பாட்டை எடுத்துக்கொள்ளுங்கள். எண்கோட்டில் ஒரே ஒரு புள்ளிதான் ‘ஆம்’ சொல்லும், அது 3. இப்போது சமக்குறியை மாற்றி ப + 2 > 5 என்று எழுதுங்கள். மகளிடம் ஒரு காகிதத்தில் −5 முதல் 10 வரை எண்கோடு வரையச் சொல்லி, எண்களை ஒவ்வொன்றாக விசாரிக்கச் சொல்லுங்கள். −4? கூட்டினால் −2, ஐந்தைவிடப் பெரியதல்ல, இல்லை. 0? வருவது 2, இல்லை. 4? வருவது 6, ஆம். 10? ஆம். மூன்றரை? ஐந்தரை வருகிறது, ஆம். 3? சரியாக 5 வருகிறது. ஐந்து ஐந்தைவிடப் பெரியதா? இல்லை. இப்படிப் பத்து எண்களை விசாரிப்பதற்குள் அவளுக்கே தெரிந்துவிடும்: 3 ஓர் எல்லைக்கல். அதற்கு ஒரு பக்கத்தில் எல்லாம் ‘ஆம்’, மறுபக்கத்தில் எல்லாம் ‘இல்லை’. இதைக் கையால் ஒருமுறை செய்துவிட்டால் போதும், அப்புறம் ஒவ்வோர் எண்ணாக விசாரிக்க வேண்டியதில்லை.

இனி வட்டம். நான் வகுப்பில் கேட்கும் கேள்வி ஒன்று உண்டு. “மூன்றைவிடப் பெரிய எண்களில் மிகச் சிறியது எது?” முதலில் ‘நாலு’ என்று சத்தமாக வரும். கொஞ்சம் யோசித்து ஒரு குரல் ‘3.1’ என்னும். ‘3.01’ என்று இன்னொருவர் சொல்வார். 3.001, 3.0001 என்று போய்க்கொண்டே இருக்கும். கடைசியில் வகுப்பு அமைதியாகிவிடும். அப்படி ஒரு முதல் எண்ணே கிடையாது என்பது அந்த அமைதியில்தான் உறைக்கும். நீங்கள் எந்த எண்ணைச் சொன்னாலும், அதற்கும் மூன்றுக்கும் நடுவில் இன்னோர் எண்ணைச் சொல்லிவிடலாம்.

காலி வட்டம் வந்ததே இதனால்தான். மை பூசிய பகுதி எங்கே தொடங்குகிறது என்று காட்ட வேண்டும், ஆனால் தொடக்கப் புள்ளி என்று வைக்க ஓர் எண் இல்லை. அதனால் எல்லைக்கல்லான மூன்றின் மேலேயே ஒரு வட்டம் போட்டு, உள்ளே மை பூசாமல் விடுகிறோம். ‘இதன் ஒட்டு வரை எல்லாம் சேரும், இது மட்டும் சேராது’ என்று அர்த்தம். ப + 2 ≥ 5 என்று இருந்தால் 3-ம் ‘ஆம்’ சொல்லிவிடுகிறது, ஆகவே வட்டத்துக்குள்ளும் மை பூசிவிடலாம். மகளுக்கு எப்போது சந்தேகம் வந்தாலும், எல்லை எண்ணைக் கொடுத்த சமனின்மையில் போட்டுப் பார்க்கச் சொல்லுங்கள். உண்மை என்றால் நிரப்பு, பொய் என்றால் காலி. இதற்கு மேல் விதி ஒன்றும் இல்லை.

குறிகளின் வடிவத்தையும் ஒரு தடவை உற்றுப் பார்க்க வைப்பது நல்லது. சமக்குறியை 1557-இல் ராபர்ட் ரெக்கார்ட் அச்சில் கொண்டுவந்தார். இரண்டு இணைகோடுகளைவிடச் சமமான இரண்டு பொருள்கள் இருக்க முடியாது என்பது அவர் சொன்ன காரணம். < என்பதும் > என்பதும் தாமஸ் ஹேரியட்டின் நூல் வழியாக வந்தவை. அவர் 1621-இல் இறந்துவிட்டார், நூல் 1631-இல்தான் வெளியானது. குறிக்குக் கீழே சமத்தைக் காட்டும் கோட்டைச் சேர்த்து எழுதும் வழக்கம் அதற்கும் நூறு வருடம் கழித்து, 1734-இல் பியர் பூகேயிடமிருந்து வந்தது. அவர் இரண்டு கோடு போட்டார், நாம் இப்போது ஒன்றோடு நிறுத்திக்கொள்கிறோம். பிள்ளைகளுக்கு நான் இதை இப்படிச் சொல்வேன்: சமக்குறியில் இரு கோடுகளுக்கு நடுவே இடைவெளி எங்கும் ஒரே அளவு. < குறியில் இடைவெளி ஒரு பக்கம் விரிந்தும் ஒரு பக்கம் கூம்பியும் இருக்கிறது. விரிந்த பக்கம் பெரிய எண், கூம்பிய பக்கம் சின்ன எண். ≤ குறியின் அடியில் இருக்கும் கோடு, சமக்குறியிலிருந்து வந்த துண்டு. அந்தத் துண்டு கண்ணில் பட்டால் வட்டத்துக்குள் மை.

அம்பின் திசைக்கு ஒரு குறுக்கு வழி உலவுகிறது: குறி எந்தப் பக்கம் மூக்கை நீட்டுகிறதோ அந்தப் பக்கம் அம்பு. தயவுசெய்து இதைச் சொல்லித் தராதீர்கள். ப < 3 என்றால் மூக்கு இடப்பக்கம், அம்பும் இடப்பக்கம், சரியாகத்தான் வரும். ஆனால் கேள்வியில் 3 < ப என்று கொடுத்துவிட்டால்? மூக்கு அதே இடப்பக்கம்தான் இருக்கிறது, அம்போ வலப்பக்கம் போக வேண்டும். மாறி, அதாவது தெரியாத எண்ணான ப, குறிக்கு இடப்பக்கம் இருக்கும்போது மட்டும் வேலை செய்கிற வழி அது. நன்றாகப் படிக்கிற பிள்ளைகளே இதில் மதிப்பெண்ணை விட்டுவிட்டு வருவதைப் பார்த்திருக்கிறேன்.

இதற்கு நம்பகமான வழி, ஒரே ஓர் எண்ணைச் சோதிப்பது. பூஜ்யம் எல்லை எண்ணாக இல்லாதவரை பூஜ்யத்தையே போட்டுப் பார்க்கலாம், கணக்குச் சுலபம். 3 < ப என்பதில் ப = 0 போட்டால் 3 < 0, பொய். அப்படியென்றால் பூஜ்யம் இருக்கும் பக்கம் மை இல்லை, மறுபக்கம்தான். எல்லைக்கல்லுக்கு ஒரு பக்கம் முழுக்க ஒரே பதில்தான் என்பது தெரிந்துவிட்டதால், ஒரு பக்கத்திலிருந்து ஓர் எண்ணைக் கேட்டாலே போதும்.

இனிச் சொல்வதுதான் தமிழில் கணக்குப் படிக்கும் பிள்ளைகளுக்கு முக்கியமானது என்று நினைக்கிறேன். பாடப்புத்தகங்கள் இதை எடுத்துச் சொல்வதில்லை. > குறி இடமிருந்து வலமாக வாசிக்கப்படுகிறது: முதலில் பெரியது, அப்புறம் குறி, அப்புறம் சிறியது. நம் வாக்கியம் அந்த வரிசையில் போவதில்லை. ‘ஐந்தைவிடப் பெரிய எண்கள்’ என்கிறோம். காதில் முதலில் விழுவது ஐந்து, அடுத்தது ‘பெரிய’, கடைசியில்தான் எண். பிள்ளை கேட்ட வரிசையிலேயே எழுதுகிறது: 5, அப்புறம் >, அப்புறம் ப. ஆக 5 > ப என்று வந்துவிடுகிறது. அர்த்தம் அப்படியே தலைகீழ். இதைக் கவனக்குறைவு என்று சொல்லித் திட்டுகிறார்கள். பிள்ளை கவனமாகத்தான் எழுதியது, வாக்கியத்தின் வரிசை அதை இழுத்துக்கொண்டு போய்விட்டது.

தமிழில் சொல்லின் வரிசை அர்த்தத்தைத் தீர்மானிப்பதில்லை, சொல்லின் வால்தான் தீர்மானிக்கிறது. ‘ஐந்தைவிட’ என்பதில் உள்ள ‘விட’வைப் பிடித்துக்கொள்ளச் சொல்லுங்கள். ‘விட’ எந்த எண்ணோடு ஒட்டியிருக்கிறதோ அது அளவுகோல். அளவுகோலை எல்லைக்கல்லாக எண்கோட்டில் முதலில் வைத்துவிட வேண்டும். குறி எதுவும் எழுத வேண்டாம். அப்புறம், ‘நாம் தேடுகிற எண் இதைவிடப் பெரியதா சிறியதா’ என்று கேட்டுக்கொண்டு அந்தப் பக்கம் மை பூச வேண்டும். படத்தைப் பார்த்துவிட்டு, கடைசியாகக் குறியோடு எழுத வேண்டும். பல பிள்ளைகளுக்கு இந்தத் தலைகீழ் வரிசை, அதாவது படம் முதலில் குறி பிறகு, பெரிய உதவியாக இருந்திருக்கிறது. கழித்தலிலும் இதே கதைதான். ‘ஓர் எண்ணிலிருந்து 4-ஐக் கழித்தால்’ என்றாலும் ‘4-ஐ ஓர் எண்ணிலிருந்து கழித்தால்’ என்றாலும் ப − 4 தான். ‘இலிருந்து’ யாரோடு இருக்கிறதோ அவரிடமிருந்துதான் போகிறது.

வார்த்தைக் கணக்குகளில் இன்னொரு பொறி உண்டு. சொல்லில் ‘குறை’ என்று இருந்தால் < போடுவது, ‘அதிக’ என்று இருந்தால் > போடுவது என்ற பழக்கம் பிள்ளைகளிடம் இருக்கிறது. ‘குறைந்தது 40 மதிப்பெண் வேண்டும்’ என்பதில் குறை என்ற சொல் இருக்கிறது. ஆனால் 40 வாங்கினாலும் சரி, 41 வாங்கினாலும் சரி, 39 மட்டும் போதாது. ஆகவே அது ப ≥ 40. ‘அதிகபட்சம் 10 பேர்’ என்பதில் ‘அதிகம்’ இருக்கிறது, அது ப ≤ 10. ‘குறைந்தபட்சம்’, ‘குறையாமல்’ இரண்டும் ≥ பக்கம். ‘மிகாமல்’, ‘தாண்டாமல்’, ‘அதிகபட்சம்’ மூன்றும் ≤ பக்கம். ‘10 வரை’ என்றால் வழக்கமாகப் பத்தும் சேர்ந்ததுதான். பத்து வரை எண்ணு என்றால் ஒன்பதோடு நிறுத்துவதில்லை அல்லவா?

‘குறையாமல்’, ‘மிகாமல்’ என்ற இரண்டு சொற்களிலும் ஒரு மறுப்பு ஒளிந்திருக்கிறது, அதை எண்கோட்டில் பார்ப்பது அழகாக இருக்கும். 50-க்குக் குறைந்தவை என்றால் 50-இல் காலி வட்டம், மை இடப்பக்கம். 50-க்குக் குறையாதவை என்றால் அந்தப் படத்தையே மாற்றிப் போட வேண்டும்: மை இருந்த இடமெல்லாம் மை இல்லை, இல்லாத இடமெல்லாம் மை. வலப்பக்கம் முழுவதும் மை வந்துவிடுகிறது. வட்டம் முன்பு காலியாக இருந்தது, ஆகவே இப்போது அதுவும் நிரம்பிவிடுகிறது. ‘<’ என்பதன் மறுப்பு ‘>’ என்று நினைக்கும் பிள்ளைக்கு, அது ‘≥’ தான் என்பதை இந்தப் படத்தைவிடத் தெளிவாக எந்த விளக்கமும் காட்டாது.

ஒரு சொல்லில் மட்டும் எச்சரிக்கை தேவை: ‘மேல்’. ‘18 வயதுக்கு மேல்’ என்றால் பதினெட்டு சேருமா சேராதா? பேச்சில் இரண்டு விதமாகவும் புழங்குகிறது. கணக்கில் ‘மேல்’, ‘மேற்பட்ட’ என்று வந்தால் அந்த எண் சேராது என்று கொள்வதே முறை. சேர்க்க வேண்டும் என்றால் ‘அல்லது அதற்கு மேல்’, ‘18 நிரம்பிய’, ‘18 உட்பட’ என்று எழுதுவார்கள். கேள்வி எழுதுகிறவர்கள் இதில் பொறுப்போடு இருக்க வேண்டும் என்பது என் கருத்து. தெளிவில்லாத ஒரு சொல்லுக்காகப் பிள்ளையின் வட்டத்தைத் தப்பு என்று அடிக்கக் கூடாது.

சரி, மகள் கேட்ட கேள்விக்கு வருவோம். குறை எண்ணால் பெருக்கினாலோ வகுத்தாலோ குறி ஏன் திரும்புகிறது?

ஒரு நீளமான காகிதத் துண்டை எடுங்கள். நடுவில் பூஜ்யம் வைத்து −6 முதல் 6 வரை சம இடைவெளியில் குறியுங்கள். 2-இன் மேல் ஒரு பொட்டு, 5-இன் மேல் ஒரு பொட்டு, கொஞ்சம் அழுத்தமான மையில். ஐந்து வலப்பக்கம் இருக்கிறது, ஆகவே 2 < 5. இப்போது காகிதத்தைப் பூஜ்யத்தில் சரியாக மடித்து வெளிச்சத்தில் தூக்கிப் பிடியுங்கள். 2-இன் பொட்டு −2 மேல் விழுகிறது, 5-இன் பொட்டு −5 மேல் விழுகிறது. மைனஸ் ஒன்றால் பெருக்குவது என்பது இந்த மடிப்புதான். பூஜ்யத்திலிருந்து வலப்பக்கம் அதிக தூரம் போயிருந்த எண், மடித்த பிறகு இடப்பக்கம் அதிக தூரம் போய்விடுகிறது. அதனால் யார் வலப்பக்கம், யார் இடப்பக்கம் என்பது மாறிவிடுகிறது: −2 > −5. எண்கள் இடம் மாறியதை ஒப்புக்கொள்வதற்காகக் குறியைத் திருப்புகிறோம்.

மற்ற வேலைகளையும் இதே காகிதத்தில் பார்த்துவிடலாம். இரண்டு எண்களோடும் 3-ஐக் கூட்டினால் இரண்டு பொட்டுகளும் ஒன்றாக வலப்பக்கம் நகர்கின்றன. யார் முன்னால் யார் பின்னால் என்பது மாறவில்லை. கழித்தால் இடப்பக்கம் நகர்கின்றன, அப்போதும் மாறவில்லை. 4-ஆல் பெருக்கினால் பூஜ்யத்தைப் பிடித்துக்கொண்டு கோட்டை ரப்பர் மாதிரி இழுப்பது போல. இழுபடுமே தவிர வரிசை மாறாது. −4-ஆல் பெருக்குவது, மடித்துவிட்டு இழுப்பது. வரிசை மாறுவது மடிப்பினால் மட்டும்தான். ஆகவே கூட்டல் கழித்தலில் குறி திரும்பாது, மிகை எண்ணால் பெருக்கும்போதும் வகுக்கும்போதும் திரும்பாது. பூஜ்யத்தால் பெருக்கினால்? எல்லாப் பொட்டும் பூஜ்யத்தில் வந்து குவிந்துவிடும். 2 < 5 என்பது 0 < 0 என்று ஆகி, உண்மை பொய்யாகிவிடும். அதனால் அது கூடாது.

குறை எண்களைக் கோட்டில் வைத்துப் பார்ப்பது இன்று சாதாரணம். ஆனால் இப்படி விளக்குவதற்கே ஒரு காலத்தில் மெனக்கெட வேண்டியிருந்தது. 1685-இல் வெளியான இயற்கணித நூலில் ஜான் வாலிஸ், ஒருவர் 5 கஜம் முன்னால் நடந்துவிட்டு 8 கஜம் பின்னால் வந்தால் புறப்பட்ட இடத்துக்கு 3 கஜம் பின்னால் நிற்பார், அதுதான் −3 என்று கோடு போட்டு விளக்கினார். −7 பெரியதா −2 பெரியதா என்று தடுமாறும் பிள்ளைக்கு இன்றும் அதே கோடுதான் மருந்து. வலப்பக்கம் இருப்பது பெரியது. வெப்பநிலை −7 டிகிரியிலிருந்து −2 டிகிரிக்கு வந்தால் குளிர் குறைந்திருக்கிறது, வெப்பநிலை ஏறியிருக்கிறது.

இப்போது ஒரு கணக்கை முழுதாகப் போடுவோம்: 7 − 2ப ≥ 1.

இரு பக்கமும் 7-ஐக் கழித்தால் −2ப ≥ −6. இரு பக்கமும் −2-ஆல் வகுக்கிறோம், மடிப்பு நடக்கிறது, குறி திரும்புகிறது: ப ≤ 3. மடிப்பில் இன்னும் நம்பிக்கை வரவில்லை என்றால் வேறு வழியில் போகலாம். 7 − 2ப ≥ 1 என்பதில் இரு பக்கமும் 2ப கூட்டுங்கள்: 7 ≥ 1 + 2ப. ஒன்றைக் கழித்தால் 6 ≥ 2ப. இரண்டால் வகுத்தால் 3 ≥ ப. குறை எண்ணால் எங்கேயும் வகுக்கவில்லை, குறியையும் திருப்பவில்லை. ஆனாலும் விடை அதேதான்: 3 ≥ ப என்பதும் ப ≤ 3 என்பதும் ஒரே செய்தி. குறி திரும்புவது யாரோ வைத்த சட்டம் அல்ல என்பதற்கு இதைவிட நல்ல சாட்சி கிடையாது. மகளை இரண்டு வழியிலும் ஒருமுறை போட வையுங்கள்.

வரைவதற்கு முன் சோதனை. எல்லை எண் 3: 7 − 6 = 1, 1 ≥ 1 உண்மை, வட்டத்தை நிரப்பு. பூஜ்யம்: 7 ≥ 1 உண்மை, பூஜ்யம் இருக்கும் இடப்பக்கம் மை. மறுபக்கம் 4-ஐயும் கேட்டுவிடலாம்: 7 − 8 = −1, −1 ≥ 1 பொய். முடிந்தது. சோதிக்கும்போது முதலில் கொடுத்த சமனின்மையிலேயே எண்ணைப் போட வேண்டும். நடுவில் வந்த வரியில் போட்டால், அதற்கு முன்னால் செய்த தப்பு அப்படியே ஒளிந்துகொள்ளும்.

குறி திரும்புவதைக் கற்ற பிள்ளைகள் அடுத்த வாரமே செய்யும் தப்பு ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். மைனஸைக் கண்டாலே திருப்பிவிடுவார்கள். 3ப ≥ −12 என்று கொடுத்தால் ப ≤ −4 என்று எழுதுவார்கள். வகுத்தது 3-ஆல், மடிப்பே நடக்கவில்லை. சரியான விடை ப ≥ −4. ‘எந்த எண்ணால் வகுத்தாய்?’ என்று மட்டும் கேளுங்கள், தானே திருத்திக்கொள்வாள்.

இரண்டு நிபந்தனைகள் சேர்ந்து வரும்போது, −2 < ப ≤ 4 என்பது மாதிரி, −2-இல் காலி வட்டம், 4-இல் நிரம்பிய வட்டம், நடுவில் மை. அம்பே கிடையாது. ‘ப < −1 அல்லது ப ≥ 3’ என்பது வேறு ரகம்: −1-இல் காலி வட்டம் வைத்து இடப்பக்கம் ஓர் அம்பு, 3-இல் நிரம்பிய வட்டம் வைத்து வலப்பக்கம் ஓர் அம்பு, நடுவில் வெறுமை. இதைச் சுருக்கி 3 ≤ ப < −1 என்று எழுதிவிடுகிறார்கள். அப்படி எழுதினால் 3 என்பது −1-ஐ விடச் சிறியது என்று ஆகிவிடும். எந்த எண்ணும் அதற்கு ‘ஆம்’ சொல்லாது. ‘அல்லது’ வந்தால் இரண்டு துண்டாகவே எழுத வேண்டும்.

எண்கோட்டை வரைவதற்கு முன் கேட்க வேண்டிய கேள்வி ஒன்று அடிக்கடி மறந்துபோகிறது: ப எந்த வகை எண்? ஒரு லிப்டில் 600 கிலோவுக்கு மிகாமல் ஏற்றலாம். 75 கிலோ எடையுள்ள ஒருவர் தன்னோடு தலா 24 கிலோ பெட்டிகளை ஏற்றுகிறார். எத்தனை பெட்டி ஏற்றலாம்? 75 + 24ப ≤ 600, ஆகவே 24ப ≤ 525, ப ≤ 21.875. இதை அப்படியே வரைந்தால் 21.875-இல் நிரம்பிய வட்டம் போட்டு இடப்பக்கம் அம்பு விட வேண்டும். ஆனால் அரைப் பெட்டி, மைனஸ் மூன்று பெட்டி என்றெல்லாம் இல்லையே. ஆகவே படத்தில் கோடே வரக்கூடாது. 0, 1, 2 என்று 21 வரை தனித்தனிப் பொட்டுகள் மட்டும். 21.875-ஐ 22 என்று முழுமையாக்கும் பழக்கமும் இங்கே கைவிடும்: 22 பெட்டி ஏற்றினால் மொத்தம் 603 கிலோ, வரம்பைத் தாண்டிவிடும். ப நீளமாகவோ நேரமாகவோ வெப்பநிலையாகவோ இருந்தால் தொடர்ந்த கோடு. ஆட்களாகவோ பொருள்களாகவோ இருந்தால் பொட்டுகள். கேள்வியில் ‘ப ஒரு முழு எண்’ அல்லது ‘இயல் எண்’ என்று ஓரத்தில் எழுதியிருப்பதை வாசிக்காமல் கோடு இழுத்துவிட்டு வருகிறவர்கள் நிறைய.

மேல் வகுப்புக்குப் போகும்போது தேவைப்படும் என்பதால் இதையும் சேர்த்துக்கொள்கிறேன். மாறியாலேயே வகுக்கக் கூடாது. ப² > ப என்பதை இரு பக்கமும் ப-வால் வகுத்தால் ப > 1 என்று வரும். ஆனால் −2-ஐப் போட்டுப் பாருங்கள்: 4 > −2, உண்மை! குறை எண்கள் எல்லாமே ‘ஆம்’ சொல்கின்றன, நம் விடையிலோ அவை காணாமல் போய்விட்டன. காரணம், ப மிகையா குறையா என்று தெரியாதபோது மடிப்பு நடந்ததா இல்லையா என்றும் தெரியாது. சரியான விடை, ப < 0 அல்லது ப > 1.

மட்டு மதிப்பு வரும்போதும் எண்கோடு கைகொடுக்கும். |ப − 3| என்றால் ப-வுக்கும் மூன்றுக்கும் இடையே உள்ள தூரம். |ப − 3| ≤ 2 என்றால் மூன்றிலிருந்து இரண்டு அடிக்கு மிகாமல் நிற்பவர்கள் யார் என்ற கேள்வி: 1 முதல் 5 வரை, இரண்டு முனையும் நிரம்பிய வட்டம். |ப − 3| > 2 என்றால் அந்தப் படத்தின் மறுப்பு: 1-இல் காலி வட்டம், இடப்பக்கம் அம்பு, 5-இல் காலி வட்டம், வலப்பக்கம் அம்பு. சூத்திரம் இல்லாமலே எழுதிவிடலாம்.

கடைசியாக, விடையை இடைவெளியாக எழுதச் சொன்னால் வட்டத்தின் வேலையை அடைப்புக்குறி செய்கிறது. காலி வட்டத்துக்கு வளைந்த அடைப்பு, நிரம்பிய வட்டத்துக்குச் சதுர அடைப்பு. −2 < ப ≤ 4 என்பது (−2, 4]. சில நாட்டுப் புத்தகங்களில் வளைந்த அடைப்புக்குப் பதிலாகச் சதுர அடைப்பை வெளிப்பக்கம் திருப்பி ]−2, 4] என்று போடுவார்கள், பொருள் ஒன்றே. ப ≤ 3 என்பது (−∞, 3]. முடிவிலியின் பக்கம் எப்போதும் வளைந்த அடைப்புதான், ஏனென்றால் அது கோட்டில் உள்ள ஒரு புள்ளி அல்ல; அதைக் கொண்டுபோய்ச் சமனின்மையில் போட்டுச் சோதித்துப் பார்க்க முடியாது.